மரிக்கார் என்று பெயர் பெற்றவர்

நடிகன் ஒருவன் புகழ்பெறுவது உண்டு. அவன் ஏற்ற பாத்திரம் புகழ்பெற்று, அவனுடைய சொந்தப் பெயரையே பின்னுக்குத் தள்ளிவிடுவதும் உண்டு. இலங்கை வானொலியில் 1970-களில் ஒலித்த ‘கோமாளிகளின் கும்மாளம்’ என்னும் நகைச்சுவைத் தொடர் நாடகம் இத்தகையதொரு வரலாற்றைப் படைத்தது. அதனை எழுதியவர் எஸ். ராமதாஸ். அதில் மரிக்கார் என்னும் முஸ்லிம் பெரியவராக நடித்தவரும் அவரே. அதன் பின்னர், அவர் இறுதிவரை ‘மரிக்கார்’ ராமதாஸ்தான்.

தொடரின் முக்கிய மாந்தர் நால்வர். மரிக்காருடன் அப்புக்குட்டி, உபாலி, ஐயர் என்னும் மூவரும் சேர்ந்துகொள்வர். அப்புக்குட்டி யாழ்ப்பாணத்தவர், அப்பாத்திரத்தை ஏற்றவர் டி. ராஜகோபால். தமிழை ஒருவாறு பேசச் சமாளிக்கும் சிங்களவரான உபாலியாக வந்தவர் எஸ். செல்வசேகரன் என்னும் தமிழர். ஐயராகப் பேசியவரோ பி. எச். அப்துல் ஹமீத்! பிற்காலத்தில் ‘பாட்டுக்குப் பாட்டு’ நிகழ்ச்சியால் கடல்கடந்தும் புகழ்பெற்ற அதே அறிவிப்பாளர்தாம். இந்து ஒருவர் மரிக்காராகவும், முஸ்லிம் ஒருவர் ஐயராகவும், தமிழர் ஒருவர் சிங்களவராகவும் பேசினர் என்பதைச் சற்றே எண்ணிப் பாருங்கள்.

மேடையில் ஒப்பனை உண்டு, உடை உண்டு. ஒலிவாங்கியின் முன் நிற்பவனுக்கு இவை எவையும் உதவா. ஆள் இன்னார் என்பதைக் குரலும் பேச்சுவழக்குமே காட்டல் வேண்டும். ‘பேசுதல்’ என்று பிறர் கூறுவதை யாழ்ப்பாணத்தார் ‘கதைத்தல்’ என்பர். முஸ்லிம் இல்லங்களில் தந்தை வாப்பா, தாய் உம்மா. சிங்களப் பேச்சுவழக்கில் நான், நீ, அவன் என்னும் வேறுபாட்டிற்கேற்ப வினைமுற்று மாறுவதில்லை. ஆகவே அதனைத் தாய்மொழியாகக் கொண்டவருக்கு நம் விகுதிகள் பெருந்தொல்லை. இவ்வளவையும் செவியினால் கற்றுக்கொண்டு பேசுவது எளிதன்று. சற்றே மிகைப்பட்டால் கேலி புண்படுத்தும். குறைந்தால் ஆளே தெரியாது. பிறர் பேச்சைப் போலச் செய்து சிரிக்கவைக்கும் நாடகங்கள் பல, பேசுகிறவனை மட்டந்தட்டுவதிலேயே முடிந்துவிடுகின்றன. இங்கு நால்வருமே கோமாளிகளாதலால், ஒருவரைப் பார்த்து மற்றவர் நகைக்க இடமிருந்தது. இழிவுபடுத்த இடமில்லை என்பது என் கருத்து.

காலத்தையும் நோக்குதல் வேண்டும். சிங்களத்தை மட்டும் ஆட்சிமொழியாக்கும் சட்டம் 1956-இல் வந்தது. 1972-ஆம் ஆண்டின் குடியரசு அரசியலமைப்பு அதனை மேலும் உறுதிப்படுத்தியது. தனிநாடு கோரும் வட்டுக்கோட்டைத் தீர்மானம் 1976 மே மாதத்தில் நிறைவேறியது. அதே ஆண்டிலேதான் இந்நாடகம் ‘கோமாளிகள்’ என்னும் திரைப்படமாக வெளிவந்தது. எம். முகம்மது தயாரிக்க, எஸ். ராமநாதன் இயக்கினார். அதுவரை குரலாக மட்டுமே அறிந்திருந்தவர்களின் முகங்களைக் காணும் ஆவல் நேயர்களுக்கு இருந்திருக்கும் அன்றோ? இலங்கைத் தமிழ்ப் படம் ஒன்று கொட்டகையில் நிலைத்து ஓடுவதே அரிதாயிருந்த நாளில் இப்படம் நல்ல வரவேற்பைப் பெற்றது. தொடர்ந்து 1978-இல் ‘ஏமாளிகள்’ வந்தது. அதற்கும் ராமதாஸே கதை வசனம் எழுதி, ராஜகோபாலோடும் செல்வசேகரனோடும் நடித்தார்.

ஐந்தாண்டுகளுக்குப் பின், 1983 ஜூலையில், கொழும்பு நகரம் பற்றி எரிந்தது. ஆள் தமிழனா, சிங்களவனா என்று தெருவிலே மறித்து, பேச்சை வைத்தே கண்டறிந்தார்கள். ‘கோமாளிகள்’ நேயர்களை மகிழ்வித்தற்கு உதவிய அதே உச்சரிப்பு வேறுபாடுதான் அங்கே உயிருக்கு உலைவைத்தது. உபாலியின் பேச்சைக் கேட்டுச் சிரித்த செவிகளுக்கு அந்நாள் எவ்வாறு இருந்திருக்கும்!

நாடகத்தில் நால்வரையும் பிணைத்த ராமதாஸ் 2016-இல் சென்னையில் காலமானார். ராஜகோபாலை ‘அப்புக்குட்டி’ ராஜகோபால் என்றும், செல்வசேகரனை ‘உபாலி’ செல்வசேகரன் என்றும் குறிப்பிடுவதே இன்றும் வழக்கமாக உள்ளது.