படைத்தலைவரும் பள்ளிக்கூடக் கட்டடமும்

படைத்தலைவர் என்ற சொல்லைக் கேட்டவுடன் மாணவர்களாகிய உங்கள் மனக்கண்முன் தோன்றுபவர் யார்? குதிரைமீது அமர்ந்து வாளோங்கி நிற்கும் வீரர். அல்லது வரைபடத்தை விரித்துவைத்துப் படைகளை நகர்த்தும் தளகர்த்தர். இன்று யான் அறிமுகப்படுத்த விரும்பும் படைத்தலைவரோ, தமக்குப் புகழ் தந்த பணியைப் போர்க்களத்தில் செய்தவரல்லர். ஒப்பந்தங்கள், சோதனைகள், செலவுக் கணக்குகள், ஓயாத கூட்டங்கள் ஆகியவற்றின் நடுவிலேயே அவர் தம் வெற்றியை ஈட்டினார். அவர் பெயர் பெர்னார்ட் ஷ்ரீவர். அமெரிக்க விமானப்படையில் ஜெனரல் பதவி வகித்தவர்.

ஒரு நாட்டின் படைக்குப் புதிய கருவி சேர்ப்பது, கடைக்குச் சென்று பொருள் வாங்குவது போன்றதன்று. வேண்டும் கருவி உலகில் எங்கும் இராது. அதனை முதலில் அறிஞர் எண்ணிப் பார்க்க வேண்டும். பொறியாளர் வரைய வேண்டும். தொழிற்சாலைகள் செய்ய வேண்டும். சோதனையில் அது உடையுமாயின், உடைந்த காரணத்தைக் கண்டு மீண்டும் செய்ய வேண்டும். இத்தனை பேரையும் ஒரு நூலில் கோத்து, காலத்துக்குள் வேலையை முடிப்பவர் யார்? அந்தக் கேள்விக்கு விடையாக அமைந்ததே ஷ்ரீவரின் வாழ்க்கை.

அவர் 1910ஆம் ஆண்டு செப்டம்பர் 14ஆம் நாள் ஜெர்மனியில் பிரேமன் நகரில் பிறந்தார். தந்தையார் ஜெர்மானியக் கப்பலில் பொறியாளர். முதல் உலகப்போரின்போது கப்பல் அமெரிக்கத் துறைமுகத்தில் தங்கிவிடவே, 1917இல் தாயார் தம் இரு சிறுவர்களையும் அழைத்துக்கொண்டு அமெரிக்கா சென்று சேர்ந்தார். மறு ஆண்டிலேயே தந்தையார் தொழிற்சாலை விபத்தொன்றில் இறந்துபட்டார். அந்நிய நாடு, அறியாத மொழி, அமெரிக்காவோ அப்போது ஜெர்மனியோடு போர் புரிந்துகொண்டிருந்தது! டெக்சாஸ் மாநிலத்துச் சான் அன்டோனியோ நகரில், கோல்ஃப் விளையாட்டுத் திடலின் அருகே ஒரு சிறு கடை வைத்து, ரொட்டிப் பண்டங்கள் விற்று, அந்தத் தாய் தம் மக்களை ஆளாக்கினார். வறுமையிலும் கல்வியைக் கைவிடாத அவ்வம்மையாரின் உறுதியை நாம் முதற்கண் வணங்குதல் வேண்டும்.

மகன் 1931இல் டெக்சாஸ் வேளாண் பொறியியற் கல்லூரியில் பட்டம் பெற்று, இராணுவத்தின் விமானப் பிரிவில் சேர்ந்தார். 1934இல் அமெரிக்க அரசு, தபால் மூட்டைகளைக் கொண்டுசெல்லும் பணியைச் சில மாதங்கள் இராணுவ விமானிகளிடம் ஒப்படைத்தது. கடுங்குளிர், பனிமூட்டம், விமானங்களிலோ போதிய கருவிகள் இல்லை. இளம் விமானிகள் பலர் மாண்டனர். அப்பணியில் தாமும் விமானம் ஓட்டிய ஷ்ரீவர், வீரம் மட்டும் இருந்தால் போதாது, தகுந்த கருவியும் கையில் இருக்க வேண்டும் என்பதை நேரில் கண்டார். பின்னர் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் பொறியியலில் உயர்பட்டம் பெற்று, இரண்டாம் உலகப்போரில் பசிபிக் களத்தில் பணியாற்றினார். போர் முடிந்தபின், விமானப்படைத் தலைவர் ஹாப் அர்னால்டு அவரை அறிவியலாளர்களுக்கும் படைக்கும் இடையே பாலமாக நியமித்தார். படைவீரருக்கு அறிஞர் பேச்சு விளங்காது. அறிஞருக்குப் படையின் தேவை தெரியாது. இரு சாராரின் மொழியையும் அறிந்தவரானார் ஷ்ரீவர்.

1953ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் நிகழ்ந்த ஒரு கூட்டம் அவர் வாழ்வைத் திருப்பியது. கணித மேதை ஜான் வான் நியூமனும் இயற்பியலறிஞர் எட்வர்டு டெல்லரும், ஹைட்ரஜன் குண்டினை விரைவில் மிகவும் எடை குறைந்ததாகச் செய்துவிட இயலும் என்று அங்கு எடுத்துரைத்தனர். கேட்டிருந்தோர் பலர், அதன் உட்பொருளை உடனே பற்றிக்கொண்டவர் ஷ்ரீவர். குண்டின் எடை குறையுமானால், அதனைச் சுமக்கும் ராக்கெட்டும் செய்யத்தக்க அளவில் அமையும். கண்டம் விட்டுக் கண்டம் பாயும் ஏவுகணை இனிக் கற்பனையன்று! அவர் வான் நியூமனைப் பிரின்ஸ்டனுக்கே சென்று கண்டு, ஐயம் தீரக் கேட்டறிந்தார். வான் நியூமன் தலைமையில் அமைந்த குழுவும், தக்க அதிகாரமும் முதன்மையும் தரப்பட்டால் ஆறாண்டுகளில் இதனைச் செய்து முடிக்கலாம் என்று 1954 பிப்ரவரியில் அறிக்கை தந்தது. சோவியத் நாடும் அதே முயற்சியில் இருக்கிறது என்ற அச்சம் அமெரிக்கரைத் துரத்தியது.

அவ்வாண்டு ஆகஸ்டு மாதம் ஷ்ரீவர் பொறுப்பேற்றார். கலிஃபோர்னியாவில் இங்கிள்வுட் என்னும் ஊரில், கைவிடப்பட்டுக் கிடந்த ஒரு கிறித்தவப் பள்ளிக்கூடக் கட்டடம் அவருக்கு அலுவலகமாயிற்று. மறைவு கருதி, அதிகாரிகள் படையுடை அணியாமல் சாதாரண உடையிலேயே வந்து சென்றனர். பிள்ளைகள் பாடம் பயின்ற வகுப்பறைகளில் உலகின் மிகக் கொடிய படைக்கலத்திற்குத் திட்டம் தீட்டப்பட்டது. வாழ்நாளெல்லாம் வகுப்பறையில் கழித்த எனக்கு இச்செய்தியைப் படிக்கும்போது உள்ளம் ஒருகணம் நடுங்கத்தான் செய்கிறது.

அவர் கையாண்ட முறைகள் யாவை? முதலாவது, அதிகாரமும் பொறுப்பும் ஒரே கையில் இருக்க வேண்டும் என்பது. யான் தலைமையாசிரியனாக இருந்தபோது, ஆய்வுக்கூடத்திற்குச் சில மேசைகள் வேண்டி விண்ணப்பித்தேன். அத்தாள் மேசை மேசையாக நகர்ந்து அனுமதி பெற்று வருவதற்குள், கேட்ட மாணவர்கள் தேர்வெழுதிப் பள்ளியை விட்டே போய்விட்டனர். வல்லரசுகளிலும் இதே கதைதான். ஒரு முடிவுக்கு ஏறத்தாழ நாற்பது இடங்களில் ஒப்புதல் பெற வேண்டியிருந்தது. 1955 செப்டம்பரில் குடியரசுத் தலைவர் ஐசன்ஹோவர் ஏவுகணைப் பணிக்கு நாட்டின் தலையாய முதன்மையை வழங்கினார். அதே ஆண்டின் இறுதியில், அந்த நாற்பது ஒப்புதல்கள் பத்தளவாகக் குறைக்கப்பட்டன.

இரண்டாவது, பல வேலைகளை ஒரே காலத்தில் நடத்துவது. ஏவுகணையைச் செய்து முடித்தபின் ஏவுதளம், அதன்பின் வீரர்க்குப் பயிற்சி என்று ஒன்றன்பின் ஒன்றாகச் செல்லாமல், அனைத்தையும் உடன்நிகழ்வாகத் தொடங்கினார். அட்லஸ் என்னும் ஏவுகணை தோற்குமாயின் கைகொடுக்க டைட்டன் என்னும் மற்றொன்றையும் வேறு நிறுவனத்தாரிடம் செய்வித்தார். இவையனைத்தையும் இணைத்துக் காணும் பொறியியற் பொறுப்பைச் சைமன் ராமோ, டீன் உல்ட்ரிஜ் என்னும் இருவர் நடத்திய நிறுவனத்திடம் ஒப்படைத்தார். பிறர் செய்பொருளை மதிப்பிடும் நிறுவனமே இலாபத் தொழிலிலும் இருக்கலாமா என்ற குறைகூறல் எழுந்தது. அக்குறையில் நியாயம் இருந்ததால், 1960இல் இலாப நோக்கற்ற தனி நிறுவனமொன்று அப்பணிக்கென அமைக்கப்பட்டது.

மூன்றாவது, தீய செய்தியை முதலில் கேட்பது. மாதந்தோறும் ஒரு சனிக்கிழமையில் அவர் கூட்டம் கூட்டுவார். அந்நாளில் ஒவ்வொரு பிரிவினரும் தத்தம் தடைகளை மறைக்காமல் வெளியிட வேண்டும். அலுவலர்கள் அதனைக் 'கறுப்புச் சனிக்கிழமை' என்றே அழைத்தனர். தவறு செய்த மாணவனை அடித்தால் அடுத்த முறை தவற்றை மறைக்கவே கற்றுக்கொள்வான். அமர்த்திக் கேட்டால் திருந்துவான். இது ஆசிரியருக்குத் தெரிந்த உண்மை, ஷ்ரீவருக்கும் தெரிந்திருந்தது.

தோல்விகளுக்கோ குறைவில்லை. தார் என்னும் இடைத்தூர ஏவுகணை, ஒப்பந்தமான பதின்மூன்று மாதங்களில், 1957 ஜனவரி 25ஆம் நாள் ஏவப்பட்டது. சில அங்குலம் எழும்பி, மேடைமீதே விழுந்து வெடித்தது. அடுத்தது நேராகத்தான் பறந்தது. கருவியில் கம்பி மாற்றி இணைக்கப்பட்டிருந்ததால், வழிதவறியதாக எண்ணி அதனை அதிகாரியே வெடிக்கச் செய்துவிட்டார்! செப்டம்பர் 20ஆம் நாள் ஐந்தாவது முயற்சிதான் வென்றது. அட்லஸும் இருமுறை தோற்று, டிசம்பர் 17ஆம் நாள் வெற்றி கண்டது.

அவ்வாண்டிலேயே மற்றொரு நிகழ்ச்சி. பிப்ரவரி 19ஆம் நாள் சான் டியேகோ நகரில் பேசிய ஷ்ரீவர், எதிர்காலத்தில் விண்வெளியில் மேம்பாடு பெறும் நாடே வலிமையுடையதாகும் என்று கூறினார். மறுநாள் தலைநகரிலிருந்து ஆணை வந்தது: இனிமேல் உம் பேச்சில் 'விண்வெளி' என்ற சொல்லே வரலாகாது! எட்டே மாதங்களில், அக்டோபர் 4ஆம் நாள், சோவியத் நாட்டின் ஸ்புட்னிக் உலகைச் சுற்றி வந்தது. தடுக்கப்பட்ட சொல் அன்றுமுதல் எல்லார் நாவிலும் ஒலித்தது.

அவர் உருவாக்கிய ஏவுகணைகளே பின்பு விண்வெளிக்கு ஏணிகளாயின. ஜான் கிளென் 1962இல் புவியை வலம்வந்தது அட்லஸின் மீது. ஜெமினி வீரர்கள் சென்றது டைட்டனின் இரண்டாம் வகை மீது. தார் ஏவுகணையின் வழிவந்ததே டெல்டா ராக்கெட். கொரோனா என்னும் மறைமுகச் செயற்கைக்கோள் திட்டத்திலும் அவர் அமைப்புக்குப் பங்குண்டு. பன்னிரண்டு தோல்விகளுக்குப் பின், 1960 ஆகஸ்டில் விண்ணிலிருந்து திரும்பிய பெட்டகம் முதன்முறையாகக் கிட்டியது. அதே மாதத்தில் அடுத்த கலம், சோவியத் நிலப்பரப்பின் படச்சுருளோடு வந்து சேர்ந்தது. அப்படங்களும் தொடர்ந்து வந்தவையும் உணர்த்தியது என்ன? சோவியத் நாட்டிடம் அமெரிக்கர் அஞ்சிய அளவுக்கு நெடுந்தூர ஏவுகணைகள் இல்லை என்பதையே! அச்சத்தால் பிறந்த முயற்சியே, அவ்வச்சம் மிகையானது என்பதையும் காட்டியது. வரலாற்றில் இத்தகைய முரண்கள் உண்டு.

விரைவுக்கு விலையும் உண்டு. சோதனை முடியுமுன்பே தளங்கள் கட்டப்பட்டதால், பின்னர் மாற்றியமைக்கப் பெரும்பொருள் செலவாயிற்று. அவ்வளவு பாடுபட்டுச் செய்த அட்லஸும் முதல்வகை டைட்டனும் 1965க்குள் படைப்பணியிலிருந்து விலக்கப்பட்டன. எளிதில் ஏவத்தக்க மினிட்மேன் அவற்றின் இடத்தைப் பெற்றது. அதுவும் ஷ்ரீவரின் அமைப்பில் உருவானதே. 1961இல் நான்கு நட்சத்திர ஜெனரலாக உயர்ந்த அவர், 1966இல் ஓய்வு பெற்றார். 1998இல் கொலராடோவிலுள்ள விமானப்படைத் தளமொன்று, அவர் வாழும்போதே அவர் பெயரைப் பெற்றது. 2005ஆம் ஆண்டு ஜூன் 20ஆம் நாள், தொண்ணூற்று நான்காம் வயதில் காலமானார்.

மாணவர்களே! வள்ளுவர் 'தெரிந்து வினையாடல்' என்று ஓர் அதிகாரமே வகுத்தார். தகுந்தவரைத் தேர்ந்து, பணியை அவரிடம் ஒப்படைத்தலின் அருமை அதில் பேசப்படுகிறது. ஷ்ரீவர் தாமே ஒரு ராக்கெட்டையும் வரைந்தவரல்லர். வரையத் தெரிந்தவர்களை ஒன்றுசேர்த்து, தோல்வியைச் சொல்ல அவர்கள் அஞ்சாதபடி செய்தார். அந்த ஆற்றல் மருத்துவமனை எழுப்பவும் வேண்டும். அணை கட்டவும் வேண்டும். ஆயின், ஒரு நகரத்தையே சாம்பலாக்கும் குண்டும் அதே ஆற்றலால்தான் பிறந்தது என்பதையும் மறத்தலாகாது. எவ்வாறு செய்வது என்பதை அவர் வாழ்க்கையிலிருந்து கற்கலாம். எதைச் செய்வது என்பதை உங்கள் நெஞ்சினிடமே கேட்டறிதல் வேண்டும்.