வாக்குப் பெட்டியை மறந்த டவுன் ஹால்

தெலுக் பங்லிமா காராங்கிலிருந்து பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு தலைநகரைச் சுற்றிப் பார்க்கப் போகும் குடும்பங்கள் டத்தாரான் மெர்டேக்காவை அடைந்ததும் எதைப் படம் பிடிக்கின்றன? மணிக்கூண்டை! 41 மீட்டர் உயரத்தில் நிற்கும் அந்தக் கோபுரத்தையும், செங்கல் சிவப்பில் நீண்டு கிடக்கும் சுல்தான் அப்துல் சமாட் கட்டடத்தையும் படமெடுக்காமல் திரும்புபவர் இல்லை. கோல லங்காட் வட்டாரத்து மக்களுக்கு அதில் ஓர் உரிமையும் உண்டு. அந்தக் கட்டடம் யாருடைய பெயரைத் தாங்கி நிற்கிறதோ, அந்த சுல்தான் நம் பக்கத்து ஜுக்ராவில் வாழ்ந்து, 1898ஆம் ஆண்டில் மறைந்தவர்.

ஆனால், ஜாலான் ராஜாவில் இன்னும் கொஞ்சம் வடக்கே நடந்து, ஜாலான் துன் பேராக் சாலையைக் கடந்தால் இன்னொரு கட்டடம் நிற்கிறது. வளைவுகளும் குமிழ் மாடங்களும் அதற்கும் உண்டு. மணிக்கூண்டு இல்லாத ஒரே குறையால் கேமராக்கள் அதன் பக்கம் திரும்புவதில்லை. அதுதான் கோலாலம்பூரின் பழைய டவுன் ஹால். இன்றைய தலைமுறைக்கு அது பங்கோங் பண்டாராயா, அதாவது மாநகர நாடக அரங்கம்.

டவுன் ஹால் என்றால் நம்மில் பலருக்கு கோயம்புத்தூர் பேருந்து நிறுத்தம்தான் நினைவுக்கு வரும். சென்னைக்குப் போனவர்கள், ரிப்பன் மாளிகைக்குப் பக்கத்தில் செந்நிறத்தில் நிற்கும் விக்டோரியா மண்டபத்தைப் பார்த்திருப்பார்கள். விஜயநகரம் மகாராஜா நிதி கொடுத்தார், சிசோம் என்ற ஆங்கிலேயர் வரைபடம் போட்டார், நம்பெருமாள் செட்டியார் கட்டி முடித்தார். அதையும் மக்கள் டவுன் ஹால் என்றே அழைத்தார்கள். ஊர்க்காரர்கள் கூடிப் பேசவும், நாடகம் பார்க்கவும், ஊர்க்காரியங்களை முடிவு செய்யவும் ஒரு பொது இடம். பிரிட்டிஷ்காரர்கள் எங்கே போனாலும் இந்த வழக்கத்தையும் பெட்டியில் கட்டிக்கொண்டுதான் போனார்கள்.

கோலாலம்பூருக்கு அது எப்படி வந்தது? 1881ஆம் ஆண்டில் அந்த ஊர் இரண்டு அடிகளைத் தாங்கியது. ஜனவரியில் தீ, டிசம்பரில் வெள்ளம். மரமும் அத்தாப்பும் கொண்டு கட்டிய வீடுகள் போனது போனதுதான். அடுத்த ஆண்டு பொறுப்பேற்ற பிராங்க் சுவெட்டன்ஹாம், இனிமேல் செங்கல்லும் ஓடும்தான் என்று உத்தரவு போட்டார். காப்பிட்டான் யாப் ஆ லோய் செங்கல் தொழிலில் இறங்கினார். நாம் இன்று லிட்டில் இந்தியா என்று கொண்டாடும் பிரிக்பீல்ட்ஸ், தன் பெயரைப் பெற்றது அந்தச் சூளைகளிலிருந்துதான். சுல்தான் அப்துல் சமாட் கட்டடத்துக்கு மட்டும் நாற்பது லட்சம் செங்கற்கள் பிடித்தன என்றால் அந்தச் சூளைகளுக்கு எவ்வளவு வேலை இருந்திருக்கும் என்று பார்த்துக்கொள்ளுங்கள்!

1890ஆம் ஆண்டில் ஊரை நிர்வகிக்க சுகாதார வாரியம் ஒன்று அமைந்தது. சாக்கடை, குப்பை, தெருவிளக்கு, சந்தை எல்லாம் அதன் பொறுப்பு. அதன் உறுப்பினர்களை யாரும் தேர்ந்தெடுக்கவில்லை, அரசாங்கமே நியமித்தது. அந்த வாரியத்துக்கு அலுவலகமும் ஊருக்கு ஒரு மண்டபமும் வேண்டும் என்றுதான் இந்த டவுன் ஹால் 1896இல் திட்டமாகி, 1904இல் கட்டி முடிந்தது.

வரைந்தவர் ஆர்தர் பெனிசன் ஹப்பக். இவருடைய கதையே தனி. லிவர்பூலில் 1871ஆம் ஆண்டு பிறந்தவர். தந்தை அந்த நகரத்தின் மேயராக இருந்தவர். மகன் 1895இல் சிலாங்கூர் பொதுப்பணித் துறைக்குத் தலைமை வரைவாளராக வந்து சேர்ந்தபோது வயது 24 தான். லிவர்பூலின் டவுன் ஹால், ரோமாபுரித் தூண்களும் ஒரு பெரிய கும்மட்டமும் கொண்ட ஐரோப்பியக் கட்டடம். அதைப் பார்த்து வளர்ந்த பிள்ளை, கோலாலம்பூரில் எழுப்பியதோ மொகலாயர் பாணியில்! மஸ்ஜிட் ஜாமேக் பள்ளிவாசல், கோலாலம்பூர் ரயில் நிலையம், நம் கிள்ளானில் 1909ஆம் ஆண்டு எழும்பிய வெள்ளை மாளிகை எல்லாம் பின்னாளில் இவர் கைவண்ணம். கிள்ளான் கட்டடத்துக்கு மட்டும் ஐரோப்பியத் தூண் பாணிக்கே திரும்பிவிட்டார். அதுதான் 2007ஆம் ஆண்டில் சுல்தான் அப்துல் அசீஸ் அரச காட்சிக்கூடமாகத் திறக்கப்பட்டது.

இந்த மொகலாய மோகத்துக்கு வித்திட்டவர் வேறொருவர். சிலாங்கூரின் பொறியியலாளர் சார்ல்ஸ் ஸ்பூனர். இலங்கையில் பணியாற்றிவிட்டு 1891இல் இங்கே வந்தவர். அரசாங்க அலுவலகத்துக்கு நார்மன் என்ற கட்டடக் கலைஞர் போட்டுக் கொடுத்த ஐரோப்பிய வரைபடத்தை ஒதுக்கி, இது முஸ்லிம்கள் வாழும் நாடு, அதற்கேற்ற தோற்றம் வேண்டும் என்றார். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் மலாய்க்காரர்களின் பள்ளிவாசல்கள் அன்று அடுக்குக் கூரை போட்டு மரத்தால் கட்டப்பட்டவை. கும்மட்டமும் குதிரை லாட வளைவும் அவர்களுடைய வழக்கமே அல்ல. சென்னை சேப்பாக்கத்திலும் வட இந்தியாவிலும் பிரிட்டிஷ்காரர்கள் பார்த்துப் பழகியதை இங்கே கொண்டுவந்து, இதுதான் உங்கள் பாணி என்று சொல்லிவிட்டார்கள். அழகில் குறை சொல்ல முடியாது என்பது வேறு விஷயம்.

அந்த அழகில் அறிவும் இருக்கிறது. முன்னே நீட்டிக்கொண்டு நிற்கும் வாசல் மண்டபம், கொட்டும் மழையில் வண்டியை விட்டு இறங்குபவர் நனையாமல் உள்ளே போகத்தான். வரிசை வரிசையாக வளைவுகள் திறந்திருக்கும் தாழ்வாரம், வெயிலைச் சுவரில் விழவிடாமல் தடுத்து, காற்றை மட்டும் உள்ளே அனுப்பும். கனத்த செங்கற்சுவர் பகல் சூட்டை எளிதில் உள்ளே விடாது. நாலாபக்கமும் கண்ணாடியை மாட்டிவிட்டு, பிறகு ஏர்கோனுக்குப் பணம் கட்டும் இந்தக் காலத்துக் கட்டடக்காரர்கள் ஒரு நடை போய்ப் பார்க்கலாம்.

சரி, கட்டடம் வந்தது. கட்டடத்துக்குரிய மக்கள் எப்போது உள்ளே வந்தார்கள்? அதற்கு ஏறக்குறைய அரை நூற்றாண்டு ஆனது. 1948இல் கோலாலம்பூர் நகராட்சியானது. 1952ஆம் ஆண்டு பிப்ரவரி 16ஆம் தேதி முதல் நகராட்சித் தேர்தல். பங்சார், இம்பி, பெட்டாலிங், செந்தூல் என நான்கு வட்டாரங்கள், 12 இடங்கள். அம்னோவும் மசீசவும் கைகோத்து ஒன்பதைப் பிடித்தன. பின்னர் நாட்டையே ஆண்ட கூட்டணிக்கு விதை விழுந்தது அந்தத் தேர்தலில்தான். டத்தோ ஓனின் மலாயா சுதந்திரக் கட்சிக்குக் கிடைத்தவை இரண்டே இரண்டு. மஇகா அன்று நின்றது அந்தப் பக்கம்.

அந்த இரண்டில் ஒன்றுதான் நம் கதைக்கு முக்கியம். பங்சாரில் வென்றவர் தேவகி கிருஷ்ணன் அம்மையார். மலாயாவில் மக்கள் வாக்களித்துப் பொதுப் பதவிக்கு வந்த முதல் பெண்மணி. மலாய்ப் பெண்ணும் அல்ல, சீனப் பெண்ணும் அல்ல, நம் சமூகத்துப் பெண்! சுதந்திரத்துக்கு ஐந்து ஆண்டுகள் முன்பே நடந்தது இது. 1923இல் பிறந்த அம்மையார் நூறாண்டு வாழ்ந்து 2024இல் மறைந்தார். நம் வீட்டுப் பெண்பிள்ளைகளில் எத்தனை பேருக்கு இந்தப் பெயர் தெரியும்?

அந்த வாய்ப்பு பத்தாண்டுகள்கூட நீடிக்கவில்லை. 1960ஆம் ஆண்டின் கூட்டரசுத் தலைநகர்ச் சட்டம் வந்தது. தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றம் போய், மறு ஆண்டு ஓர் ஆணையர் வந்தார். 1972 பிப்ரவரி முதல் தேதி கோலாலம்பூர் மாநகரமானது, ஆணையர் இருந்த இடத்தில் டத்தோ பண்டார் அமர்ந்தார். அவரும் நியமனம்தான். மற்ற ஊர்களின் கதையும் வேறல்ல. இந்தோனேசியாவுடனான மோதலைக் காரணம் காட்டி 1965இல் ஊராட்சித் தேர்தல்கள் நிறுத்தி வைக்கப்பட்டன. அடுத்து என்ன செய்வது என்று ஆராய அமைந்த அரச ஆணையத்துக்குத் தலைமை தாங்கியவர் யார் தெரியுமா? செனட்டர் ஆதி நாகப்பன். தேர்தல் திரும்ப வேண்டும் என்றே 1968இல் அவருடைய ஆணையம் பரிந்துரைத்தது. அரசாங்கம் அதை ஏற்கவில்லை. 1976ஆம் ஆண்டின் ஊராட்சி மன்றச் சட்டம் கதவைச் சாத்திப் பூட்டியது. தெலுக் பங்லிமா காராங்கில் குப்பை லாரி வரவில்லை என்றால் நாம் தேடிப்போகும் கோல லங்காட் நகராண்மைக் கழக உறுப்பினரும் நம் வாக்கில் வந்தவர் அல்லர். தேர்தல் வைத்தால் இனப்பூசல் வளரும் என்று அஞ்சுவோர் இருக்கிறார்கள். அந்த அச்சத்தைச் சிறுமைப்படுத்த வேண்டியதில்லை. ஆனால் 1952இல் முதன்முறையாக இனம் கடந்து கைகோத்தது ஒரு நகராட்சித் தேர்தலுக்காகத்தான் என்பதை அவர்களும் எண்ணிப் பார்க்க வேண்டும்.

டவுன் ஹாலுக்குத் திரும்புவோம். 1992ஆம் ஆண்டில் அதில் தீ பிடித்து உட்புறம் நாசமானது. 1881இல் ஊரைத் தின்ற அதே தீ! சுவர்கள் மட்டும் நின்றன, செங்கல் அல்லவா? உள்ளே மேடையும் இருக்கைகளும் புதிதாக அமைத்து நாடக அரங்கமாக மீட்டெடுத்தார்கள். இடித்துத் தள்ளிவிட்டு வணிக மாடம் கட்டாததற்கு மாநகர மன்றத்தைப் பாராட்டத்தான் வேண்டும்.

அந்த மேடையில் 2014ஆம் ஆண்டு 'மட்' என்ற இசை நாடகம் தொடங்கியது. சேறு என்று பொருள். கோலாலம்பூர் என்ற பெயரிலேயே சேறு இருக்கிறது. ஊர் பிறந்த கதையைச் சொல்லும் அந்த நாடகத்தில் மூன்று நண்பர்கள் வருகிறார்கள்: மமாட், மெங், முத்தையா. தீயும் வெள்ளமும் வந்து போக, மூவரும் சேர்ந்து சேற்றிலிருந்து ஊரை எழுப்புகிறார்கள். ஊர்க்காரியம் பேசுவதற்காகக் கட்டிய மண்டபத்தில், அந்த மூவரின் கதையை ஊர்மக்கள் சீட்டு வாங்கிப் பார்த்தார்கள்.