வாக்கிங் டிஸ்டன்ஸ் (தொலைக்காட்சி நாடகம்)

அமெரிக்காவின் சிபிஎஸ் தொலைக்காட்சியில் 1959 அக்டோபர் 30 அன்று ஒளிபரப்பான அரைமணி நேரக் கறுப்பு வெள்ளை நாடகம். 'த டுவைலைட் சோன்' தொடரின் ஐந்தாம் பகுதி. தொடரை உருவாக்கிய ராட் செர்லிங் எழுத, ராபர்ட் ஸ்டீவன்ஸ் இயக்கினார். இசை பெர்னார்ட் ஹெர்மன். தொடரின் 156 பகுதிகளில் உருக்கத்தில் இதை மிஞ்சியது வேறில்லை.

நியூயார்க் விளம்பர நிறுவனமொன்றில் உயர் பதவி வகிக்கும் மார்ட்டின் ஸ்லோன் (கிக் யங்) வேலையில் சலித்துக் காரில் கிளம்புகிறார். வண்டியைப் பழுதுபார்க்க விட்டுவிட்டு, பக்கத்திலிருக்கும் சொந்த ஊரான ஹோம்வுட்டுக்கு நடக்கிறார். அங்கே மூன்று கரண்டி ஐஸ்கிரீம் போட்ட சோடா பத்தே சென்ட். ஊர் அவருடைய சிறுவயதிலேயே நிற்கிறது. பெற்றோர் அவரை மகனென்று ஏற்கவில்லை. சிறுவனான தன்னையே குதிரை ராட்டினத்தில் துரத்த, மிரண்ட சிறுவன் விழுந்து காலில் அடிபடுகிறான்; அதே கணம் பெரியவரின் காலிலும் வலி. ஓட்டுநர் உரிமத்திலுள்ள ஆண்டைக் கண்டு உண்மையறிந்த தந்தை, இந்தக் கோடை சிறுவனுக்கே உரியதென்று சொல்லி அவரைத் திருப்பி அனுப்புகிறார். கடந்த காலத்தில் அவரால் மாற்ற முடிந்தது அந்தக் கால் ஒன்றுதான். நொண்டியபடியே நிகழ்காலத்துக்கு வருகிறார். சோடா இப்போது 35 சென்ட்.

ஹோம்வுட் என்பது செர்லிங் வளர்ந்த பிங்ஹாம்டன் நகரமே. 1924இல் சிரக்யூஸில் பிறந்த அவர், குழந்தைப் பருவத்திலேயே குடும்பத்தோடு அங்கு குடியேறினார். பள்ளி முடித்த கையோடு பாராசூட் படையில் சேர்ந்து பிலிப்பீன்சில் போரிட்டார். அவர் படையில் இருந்தபோதே, 1945இல், தந்தை இறந்தார். இறந்த தந்தையோடு மகன் மீண்டும் பேசும் காட்சி நாடகத்தின் உச்சமாக அமைந்தது தற்செயலன்று. நாடகத்தில் வரும் இசைமேடையும் ராட்டினமும் அந்நகரின் ரிக்ரியேஷன் பூங்காவில் உள்ளவற்றை நினைவூட்டுபவை. செருப்பு உற்பத்தியாளர் ஜார்ஜ் எஃப். ஜான்சன் அவ்வட்டாரத்துக்கு ஆறு ராட்டினங்களை வழங்கினார். சவாரிக்குக் கட்டணம் வாங்கக் கூடாதென்பது நிபந்தனை. பூங்காவின் ராட்டினம் 1925இல் நிறுவப்பட்டது.

கடந்த காலத்துக்குத் திரும்பும் இதே ஏக்கத்தைச் செர்லிங் 'எ ஸ்டாப் அட் வில்லோபி' (1960) பகுதியிலும், 'நைட் கேலரி' தொடருக்கு எழுதி 1971இல் ஒளிபரப்பான நாடகமொன்றிலும் மீண்டும் கையாண்டார். இரண்டும் முந்தையதை எட்டவில்லை. 'த டுவைலைட் சோன்' தொடர் 1985, 2002, 2019 ஆகிய ஆண்டுகளில் புதுப்பிக்கப்பட்டது. பிங்ஹாம்டன் பூங்காவின் ராட்டினத்தில் இன்றும் கட்டணமில்லை.