ஊவாவின் சுவர்கள் சொல்லும் சரித்திரம்

சரித்திரத்தை ஏடுகளில் மட்டும் தேடுவோர் பாதி உண்மையையே காண்பர். மறுபாதி கட்டிடங்களில் உறைந்து கிடக்கிறது. யார் கட்டினார்கள், யாருக்காகக் கட்டினார்கள், அதில் யார் வாழ்ந்தார்கள் என்னும் மூன்று கேள்விகளைக் கேட்டால் சுவர்களும் சாட்சி கூறும். பதுளை நகரையும் அதைச் சூழ்ந்த தேயிலை மலைகளையும் இந்தக் கண்கொண்டு நோக்குவோம்.

முதியங்கணை விகாரையும் கதிர்காமத் தேவாலயமும் ஆங்கிலேயர் வருமுன்பே பதுளையில் நின்றவை. கண்டி இராச்சியம் 1815இல் வீழ்ந்தது. இரண்டே ஆண்டுகளில் ஊவா - வெல்லச மக்கள் அந்நிய ஆட்சிக்கு எதிராகக் கிளர்ந்தெழுந்தனர். 1818இல் அந்த எழுச்சி நசுக்கப்பட்டது. கிராமங்கள் எரிந்தன, வயல்கள் பாழாயின, தலைவர் கெப்பெட்டிப்பொலை சிரச்சேதம் செய்யப்பட்டார். பின்னர் எழுந்த கட்டிடங்களுக்கெல்லாம் அஸ்திவாரம் இந்தச் சாம்பலின்மேல்தான் இடப்பட்டது.

அவற்றுள் ஒன்று புனித மாற்கு ஆலயம். பதுளையில் அதிகாரம் செலுத்திய மேஜர் ரொஜர்ஸ், ஆயிரத்துக்கு மேற்பட்ட யானைகளைச் சுட்டு வீழ்த்தியதாகப் பெயர் பெற்றவர். 1845இல் அப்புத்தளையில் மின்னல் தாக்கி மாண்டார். அவர் நினைவாக எழுந்த ஆலயம் 1857இல் அபிஷேகம் செய்யப்பட்டது. அவர் மலைநாட்டில் பாதைகள் அமைத்தவர் என்று புகழ்வர். அந்தப் பாதைகளில் மண்வெட்டி பிடித்த கைகளுக்கு எந்த ஆலயத்திலும் கல்வெட்டு இல்லை.

1840ஆம் ஆண்டின் முடிக்குரிய காணிச் சட்டம் மலைக்காடுகளையும் சேனை நிலங்களையும் அரசுடைமையாக்கித் துரைமாருக்கு வழி திறந்தது. முதலில் கோப்பி பயிராயிற்று. 1869இல் தோன்றிய இலைநோய் அதை அழிக்க, தேயிலை அந்த இடத்தைப் பிடித்தது. தஞ்சை, திருச்சி, மதுரை, சேலம் ஜில்லாக்களின் ஏழை விவசாயிகள் கடல் கடந்து மன்னாரில் இறங்கி, காட்டு வழியே மலையேறினர். பசியாலும் காய்ச்சலாலும் வழியில் மடிந்தோர் பல்லாயிரவர். 1876 - 78 பஞ்சம் அந்த ஓட்டத்தை மேலும் பெருக்கிற்று.

அப்புத்தளைக்கு அருகே தம்பதென்னையில் நிற்கும் தொழிற்சாலையின் கதையும் இங்கே சிந்திக்கத்தக்கது. 1890இல் இலங்கைத் தோட்டங்களை வாங்கத் தொடங்கிய தோமஸ் லிப்டனின் பெற்றோர், அயர்லாந்தின் வறுமையால் கிளாஸ்கோவுக்குக் குடிபெயர்ந்தவர்கள். ஏகாதிபத்தியத்தால் வாடிய அயர்லாந்தின் புதல்வன், பஞ்சத்தால் விரட்டப்பட்ட தமிழனுக்கு எஜமானன் ஆனான்! இதைத் தனிமனிதனின் குணக்கேடு என்று ஒதுக்கிவிட முடியாது. ஒரு பஞ்சத்தின் பிள்ளையைக்கொண்டே இன்னொரு பஞ்சத்தின் பிள்ளைகளை ஆளவைப்பது மூலதனத்தின் இயல்பு.

தெமோதரைக்கும் எல்லவுக்கும் இடையே ஒன்பது வளைவுப் பாலம் இருக்கிறது. இரும்புச் சட்டமின்றி, கல், செங்கல், சீமெந்து கொண்டு எழுப்பிய அது 1921இல் நிறைவுற்றது. 1924இல் புகையிரதம் பதுளையை அடைந்தது. தேயிலைப் பெட்டிகள் கொழும்புத் துறைமுகத்துக்கு விரைந்தன. இன்று உல்லாசப் பிரயாணிகள் அப்பாலத்தைப் படமெடுத்து மகிழ்கின்றனர்.

ஆனால் லயத்தை எவர் படமெடுக்கிறார்? குன்றின் உச்சியில் துரை பங்களா. அதற்குக் கீழே உத்தியோகத்தர் விடுதி. பள்ளத்தில் தகரக் கூரையிட்ட லய வரிசை. ஒரு சிறு காம்பராவும் ஒரு திண்ணையுமே ஒரு குடும்பத்தின் உலகம். மேலிருப்பவன் கீழிருப்பவனைக் கண்காணிப்பதற்கென்றே வகுத்த அமைப்பு இது! உழைப்பாளர் தமக்கென்று எழுப்பிக்கொண்ட கட்டிடம் மாரியம்மன் கோயில் ஒன்றே. அங்கேதான் அவர்கள் யாருடைய பேர்ப்பதிவிலும் அடங்காத மனிதராக நின்றனர்.

அந்த லயங்களில் கண்ணீர் மட்டும் வாழவில்லை. 1940இல் பதுளைக்கு அருகே வெவெஸ்ஸ தோட்டத் தொழிலாளர் வேலை நிறுத்தம் செய்து, தமது குழுவைக் கலந்தே தோட்டத்தை நடத்துமாறு துரையை இணங்கவைத்தனர். எட்டே ஆண்டுகளில், 1948இன் பிரஜாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழர் பெரும்பாலோரை நாடற்றவராக்கிற்று. 1964 ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்ப முடிவு செய்தது. எஞ்சியிருந்த நாடற்றோருக்குப் பிரஜாவுரிமை வழங்கும் சட்டம் 2003இல்தான் வந்தது.

2014 அக்டோபர் 29 காலை, கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடிற்று. அங்கே குடியிருப்பது ஆபத்தென்று 2005இலும் 2011இலும் எச்சரிக்கப்பட்டிருந்தது. எச்சரித்தும் மாற்றிடம் கிடைக்காதோர் மண்ணுள் புதைந்தனர். 2015 முதல் ஏழு பேர்ச் காணியில் தனிவீடு என்னும் திட்டம் நடைபெற்றும், பல குடும்பங்கள் இன்னும் லயத்திலேயே வாழ்கின்றன.

லயங்களையும் புராதனச் சின்னங்களாகப் பேணவேண்டுமா என்று சிலர் கேட்கலாம். மனிதர் குடியிருக்கும் துன்பத்தைப் பேணுவது பாதகம். ஆகவே நாம் கோருவது இரண்டு: உழைக்கும் குடும்பம் ஒவ்வொன்றுக்கும் உறுதிப்பத்திரத்துடன் காணியும் வீடும் வேண்டும், ஊவாவில் ஒரேயொரு லயத்தை, ஆளில்லாத லயத்தை, நூதனசாலையாக நிறுத்தவேண்டும். ஆசிரியர்கள் மாணவரை ஆலயத்துக்கும் பாலத்துக்கும் அழைத்துச் செல்லட்டும். அந்த லயத்துக்கும் அழைத்துச் செல்லட்டும். மூன்றையும் ஒருங்கே கண்ட மாணவன்தான் ஊவாவின் சரித்திரத்தைக் கற்றவனாவான்.