பரதேசி என்னும் சொல்லும் ஒரு கலை இயக்குநரும்

மட்டாஞ்சேரியின் யூதத் தெருவில் 1568இல் எழுந்த தொழுகைக்கூடம் இன்றளவும் ‘பரதேசிப் பள்ளி’ என்றே வழங்குகிறது. ஐரோப்பாவிலிருந்தும் மேற்காசியாவிலிருந்தும் பின்னாளில் வந்து குடியேறிய யூதர், மலபாரின் பழைய யூதரினின்று வேறுபட்டவர் என்பதைச் சுட்டவே அப்பெயர் அமைந்தது. வணிகக் குழுக்களின் இடைக்காலக் கல்வெட்டுகளில் சுதேசி, நானாதேசி என்னும் சொற்களோடு இணைந்து வரும் ‘பரதேசி’ என்பதும் பிறநாட்டு வணிகனைக் குறிப்பதேயன்றி இழிபொருள் உடையதன்று. இற்றைத் தமிழ் வழக்கில் அது இரந்துண்பவனையும் வசைமொழியையும் குறிக்கத் தாழ்ந்துவிட்டது.

இச்சொல்லின் பழம்பொருளைத் தலைப்பாகக் கொண்டு 1957இல் இந்தியில் வெளிவந்த படம் ‘பர்தேசி’. மாஸ்கோவின் மாஸ்ஃபிலிம் நிறுவனமும் கே.ஏ. அப்பாஸின் நயா சன்சாரும் இணைந்து தயாரித்த இப்படத்தை அப்பாஸும் வசீலி புரோனினும் இயக்கினர். உருசிய வடிவத்திற்கு இடப்பெற்ற பெயரோ ‘மூன்று கடல்களுக்கு அப்பாலான பயணம்’ என்பது. அது 15ஆம் நூற்றாண்டில் தக்காணத்திற்கு வந்த த்வேர் நகர வணிகன் அஃபனாசி நிகித்தின் எழுதிய குறிப்பேட்டின் பெயரேயாகும். ஒரு பெயர் வந்தவனைச் சுட்ட, மற்றொன்று அவன் கடந்த வழியைச் சுட்டுகிறது. பார்ப்பவர் நிற்கும் கரை மாறியதால் பெயரும் மாறியது எனலாம்.

இவ்விரு கரையினருக்கும் ஒரே இந்தியாவைக் கண்முன் நிறுத்தும் பொறுப்பு கலை இயக்குநர் எம்.ஆர். அச்ரேக்கரைச் சார்ந்தது. நிகித்தினாக நடித்த ஒலெக் ஸ்திரிழெனோவ், நர்கிஸ், பத்மினி, பல்ராஜ் சாஹ்னி, பிரித்விராஜ் கபூர் ஆகியோரின் பெயர்கள் நினைவிற் பதிந்த அளவுக்கு அவர்பெயர் பதியவில்லை. திரைப்பட வரலாறு எழுதுவோர் நடிகரையும் இயக்குநரையும் மட்டுமே எண்ணிப் பழகியதன் விளைவு இது.

மும்பை ஓவியரான அச்ரேக்கர் இலண்டன் அரச கலைக் கல்லூரியில் பயின்றவர். இந்தியச் சிற்பங்களின் உடலமைப்பை உயிருள்ள மாந்தரின் உடலோடு ஒப்பிட்டு ஆராயும் ‘ரூபதர்சினி’ அவரது நூல். ராஜ் கபூரின் ‘ஆவாரா’வுக்கு (1951) அவரே கலை இயக்குநர். அப்படம் 1954இல் சோவியத் நாட்டில் திரையிடப்பட்டபோது ஆறு கோடிக்கும் மேற்பட்டோர் கண்டனர். ஆகவே உருசியப் பார்வையாளர் பலர் மனத்தில் படிந்த ‘இந்தியா’, ‘பர்தேசி’க்கு முன்னரே ஓரளவு அவர் கைவண்ணமாக இருந்தது.

எனினும் ‘ஆவாரா’வின் கனவுக் காட்சிக்கு வரலாற்றுச் சான்று வேண்டியதில்லை. நிகித்தின் கதைக்கோ மூலநூல் ஒன்று உண்டு; அதுவும் கட்டடங்களைக் கூர்ந்து நோக்கிய நூல். பீதர் நகரச் சுல்தானின் அரண்மனைக்கு ஏழு வாயில்கள் உண்டென்றும், வாயிலொன்றுக்கு நூறு காவலரும் நூறு எழுத்தரும் அமர்ந்து வருவோரையும் போவோரையும் பதிவதாகவும், அயலாரை உள்ளே விடுவதில்லை என்றும் நிகித்தின் குறிக்கிறான். கல்லெல்லாம் செதுக்கும் பொன்னுமாக இருந்ததையும் வியக்கிறான். அரங்கமைப்பவருக்கு இதனினும் தெளிவான குறிப்பு கிடைத்தல் அரிது. அதே வேளையில், பீதரில் இன்று எஞ்சி நிற்கும் மகமூது கவானின் மதரசா 1472இல் எழுந்தது. நிகித்தின் அந்நகரில் இருந்த காலத்தை ஒட்டியே அது உருப்பெற்றது. எனவே எஞ்சியுள்ளதை அப்படியே படியெடுப்பதும் காலவழுவாகலாம்.

மலபார்க் கரைக்கும் இச்சிக்கல் பொருந்தும். கோழிக்கோட்டு மிளகையும் இஞ்சியையும் நிகித்தின் கேள்வியுற்று எழுதியுள்ளான். அக்கரையின் பழமைக்குச் சான்றாக மட்டாஞ்சேரியை நாடுவோர் காணும் அரண்மனை போர்ச்சுக்கீசியர் 1555இல் கட்டித் தந்தது. பள்ளி அதற்கும் பிந்தியது. வாஸ்கோ ட காமாவுக்கு முற்பட்ட கரையைக் காட்ட இவை உதவா.

படத்தில் பிரித்விராஜ் ஏற்ற மகமூது கவானும் ஈரானின் கீலான் பகுதியிலிருந்து வந்தவரே. வந்தேறிய ஆஃபாக்கியருக்கும் மண்ணின் தக்கணியருக்கும் இடையிலான பூசலில் 1481இல் அவர் கொலையுண்டார். அவ்வகையில் ‘பரதேசி’ என்னும் தலைப்பு நிகித்தின் ஒருவனுக்கு மட்டும் உரியதன்று.

1958இல் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் இப்படம் இடம்பெற்றது. அச்ரேக்கருக்குக் கலை இயக்கத்திற்கான ஃபிலிம்ஃபேர் விருது கிட்டியது. 1970இல் ‘மேரா நாம் ஜோக்கர்’ படத்தில் சோவியத் சர்க்கஸ் கலைஞருக்காகக் களம் அமைத்தவரும் அவரே. அதிலும் பத்மினி நடித்தார். திருவனந்தபுரத்தில் பிறந்து தமிழ்த்திரையில் நிலைபெற்ற அவர், இவ்விரு படங்களிலும் அச்ரேக்கர் வகுத்த அரங்கில் உருசியருக்கு இந்தியாவாகத் தோன்றினார். அச்ரேக்கர் 1979இல் மறைந்தார்.