அடுக்குக் காய்கறிக் குகல்

குகல் என்பது அஷ்கெனாசி யூதர்களின் ஓய்வுநாள் விருந்திலும் பண்டிகை விருந்திலும் இடம்பெறும், ஓவனில் வேகவைக்கும் பதார்த்தம். இடைக்கால ஜெர்மன் நாடுகளில் மாவுப் பண்டமாகத் தொடங்கியது. பின்னர் கிழக்கு ஐரோப்பாவில் நூடுல்ஸ் குகல், உருளைக்கிழங்குக் குகல் என்று பெருகியது. பல நிறக் காய்களை மசித்து, ஒன்றன்மேல் ஒன்றாகப் பரப்பி வேகவைக்கும் அடுக்குக் குகல் பிற்கால வடிவம். அதையே முட்டை உட்பட விலங்குப் பொருள் எதுவும் சேர்க்காமல் செய்தால் வீகன் குகல்.

கோஷர் எனும் யூத உணவு விதிப்படி இறைச்சியும் பாலும் ஒரே வேளை உணவில் சேரக் கூடாது. இரண்டிலும் சேராதவை 'பார்வே'. காய்கறியோடு முட்டையும் இந்த வகைதான். இறைச்சி விருந்துக்கான காய்கறிக் குகலில் ஏற்கெனவே பால் பொருள் இருக்காது. பழைய முறையில் ஊற்றிய கோழி, வாத்துக் கொழுப்புக்கு எண்ணெய் ஈடாகிவிடும். சிக்கல் முட்டையில்தான் இருக்கிறது. துண்டு போடும்போது குகல் உதிராமல் பிடித்து நிறுத்துவது அதுவே.

பஸ்கா பண்டிகையில் இந்தச் சிக்கல் இன்னும் இறுகுகிறது. கோதுமை, பார்லி, ஸ்பெல்ட், ரை, ஓட்ஸ் ஆகிய ஐந்தும், 18 நிமிடத்துக்குள் சுட்டெடுத்த புளிப்பற்ற மட்ஸா ரொட்டி வடிவில் தவிர, விலக்கு. அஷ்கெனாசி மரபில் அரிசி, கொண்டைக்கடலை, பருப்பு வகைகளும் கிடையாது. அமெரிக்க கன்சர்வேடிவ் யூதப் பிரிவின் சட்டக்குழு 2015-இல் இவற்றை அனுமதித்தது. ஆர்த்தடாக்ஸ் அஷ்கெனாசி வீடுகளில் விலக்கு தொடர்கிறது. கடலைமாவைக் கரைத்து முட்டைக்கு ஈடாக்கும் எளிய வழி அவர்களுக்கு அடைபட்டுப்போகிறது. அந்த இடத்தில் கைகொடுப்பது உருளைக்கிழங்கு ஸ்டார்ச்.

அடியில் உருளைக்கிழங்கு, நடுவில் கேரட், மேலே பசலைக்கீரை என்ற வரிசை நன்றாக நிற்கும். ஒவ்வொன்றிலும் அரைக் கிலோ எடுத்துத் தனித்தனியே வேகவைத்து மசித்து, எண்ணெயில் பொன்னிறமாக வதக்கிய வெங்காயம், உப்பு, மிளகுத்தூள், இரண்டு மேசைக்கரண்டி ஸ்டார்ச் சேர்க்க வேண்டும். வெந்த பசலைக்கீரையை மசிக்கும் முன் மெல்லிய துணியில் கட்டி, சொட்டு விழுவது நிற்கும்வரை முறுக்கிப் பிழிய வேண்டும். பலர் அவசரத்தில் விடுவது இந்த வேலையைத்தான். ஈரம் மிஞ்சினால் எவ்வளவு ஸ்டார்ச் போட்டாலும் குகல் கட்டாது. பூச்சி உண்பது விலக்கு என்பதால், கோஷர் சமையலில் கீரையை இலை இலையாகப் பார்த்துக் கழுவுவதும் கட்டாயம்.

எண்ணெய் தடவிய தட்டில் முதல் அடுக்கைப் பரப்பி, 180 டிகிரி செல்சியஸில் 15 நிமிடம் வைத்தால் மேற்பரப்பு இறுகும். பிறகு அடுத்த அடுக்கு, அதற்கும் அதே நேரம். இப்படிச் செய்தால் நிறங்கள் கலக்காது. மூன்றாவது அடுக்குக்குப் பின் 40 நிமிடம் போதும். சூட்டோடு வெட்டினால் சரிந்துவிடும். ஸ்டார்ச் ஆற ஆறத்தான் இறுகும் என்பதால் அரைமணி நேரமாவது விட வேண்டும்.

யூதப் புத்தாண்டான ரோஷ் ஹஷானாவுக்கு இதே குகலில் லீக், பூசணி சேர்ப்பது பொருத்தம். இரண்டும் அந்நாளில் நல்ல சகுனமாக உண்ணும் காய்கள். பஸ்காவின் மாவுக் கட்டுப்பாடு அப்போது இல்லாததால் கடலைமாவும் சேர்க்கலாம்.

பண்டிகை சனிக்கிழமை ஓய்வுநாளில் வந்தால் அன்று சமைக்கக் கூடாது; வெள்ளி சூரிய மறைவுக்கு முன்பே குகலை வேகவைத்து முடித்துவிட வேண்டும்.