புயலுக்கு ஒரு சொல்

நம் பள்ளிகளில் மலாய் பயிலும் சிறுவன் மழையை 'ஹுஜான்' என்று அறிவான். கடல்கடந்த பிலிப்பைன்சில் தகாலோகு மொழியார் அதனை 'உலான்' என்பர். இரண்டும் ஒரே பழஞ்சொல்லின் கிளைகள் என்பது மொழிநூலார் துணிபு. மலாயில் மேற்குத் திசையைக் குறிக்கும் 'பாராட்' அங்கே 'ஹபாகாட்' ஆகி, மழை கொணரும் தென்மேற்குப் பருவக்காற்றின் பெயராக நிற்கிறது. வடகிழக்கிலிருந்து வீசும் குளிர்காற்று 'அமிஹான்'. உழவர்க்கும் மீனவர்க்கும் நெடுங்காலம் இவ்விரு காற்றுகளே நாட்காட்டியாக இருந்தன.

வெயிலுக்கு வருவோம். 'அராவ்' என்னும் சொல் கதிரவனையும் குறிக்கும், நாளையும் குறிக்கும். ஞாயிறு என்று கதிரவனையும் கிழமையையும் சுட்டும் நமக்கு இதில் வியப்பில்லை. ஏப்ரல், மே திங்கள்களின் வெப்பத்தில் பிள்ளைகளை வருத்தாமல், ஜூனில் பள்ளி திறப்பதே அவர்தம் பழைய வழக்கம். 2020இல் பெருந்தொற்றினால் அம்முறை பிறழ்ந்தது. 2024 ஏப்ரலில் வெப்பம் தாங்காது அரசுப் பள்ளிகள் நேரடி வகுப்புகளை நிறுத்த நேர்ந்தது. 2025இல் மீண்டும் ஜூனுக்கே திரும்பினர். பள்ளி நடத்தியவர் எவரும் அத்துன்பத்தை உணர்வர்.

மூடுபனிக்குப் பெயர்பெற்றது வடக்கே மலைமீதுள்ள பாகியோ நகர். அமெரிக்க ஆட்சியாளர் 1903இல் அதனைக் கோடைத் தலைநகராக்கினர். அப்பெயர், புயலைக் குறிக்கும் 'பாக்யோ'விலிருந்து வந்ததென மயங்குவாருண்டு. உண்மையில் அது இபலோய் மலைமக்களின் 'பாகிவ்'. பாசி என்று பொருள். ஆயினும் மயங்கியோரைக் குறைகூற மனம் வரவில்லை. 1911 ஜூலைப் புயலின்போது 24 மணி நேரத்தில் 1,168 மில்லிமீட்டர் மழை கொட்டிய ஊரன்றோ அது!

புயலின் வரலாறு தனியே எண்ணத்தக்கது. இயேசு சபைத் துறவியர் 1865இல் மணிலாவில் வானாய்வு நிலையம் நிறுவினர். 1879 ஜூலையில் அங்கிருந்து பெடரிக்கோ பவுரா அடிகளார் முதற்புயல் எச்சரிக்கையை விடுத்தார். அவருக்குப் பின்வந்த ஹோசே அல்கே அடிகளார், தம் ஆய்வுநூலின் தலைப்பிலேயே மக்கள் வழக்கான 'பாக்யோ'வை அமர்த்தினார். 1897 அக்டோபரில் சாமார், லெய்த்தே தீவுகளைத் தாக்கிய புயலைப் பற்றியும் தனிநூல் எழுதினார். அப்புயலில் கடல் பொங்கிக் கரையோர ஊர்களுக்குள் புகுந்தது.

116 ஆண்டுகள் கழிந்தன. 2013 நவம்பர் 8ஆம் நாள், உலகம் 'ஹையான்' என்றும் அந்நாட்டார் 'யோலாண்டா' என்றும் அழைத்த புயல் அதே கரைகளில் மோதியது. எச்சரிக்கை முன்கூட்டியே வந்தது. ஆனால் அதில் வந்த சொல் 'ஸ்டோர்ம் சர்ஜ்' என்னும் ஆங்கிலத் தொடர். அது எதைக் குறிக்கிறதென்று பலருக்கு விளங்கவில்லை. வழக்கமான புயல்தானே என்று வீட்டிலேயே தங்கிவிட்டனர். 'சுனாமி' என்றிருந்தால் ஓடியிருப்போம் என்று தக்லோபான் நகரில் உயிர்பிழைத்தோர் பின்னர்க் கூறினர். நாட்டில் இறந்தோர் 6,000க்கும் மேற்பட்டோர்.

பேரலைக்குத் தகாலோகில் 'டாலுயோங்' என்னும் சொல் முன்பே இருந்தது. வானிலைத் துறையின் அறிவிப்புகளில் இன்று அச்சொல் இடம்பெறுகிறது. 1972இல் அமைந்த அத்துறையின் பெயர்ச்சுருக்கம் 'பகாசா'. தகாலோகில் அதற்கு 'நம்பிக்கை' என்று பொருள்.